சும்மா விடுவதும் ஒரு சிகிச்சை



"கண்ணுக்குக் கீழே பொடிப்பொடியாக ஏதோ இருக்கிறது. வலி இல்லை, அரிப்பு இல்லை. ஆனால் போகவும் மாட்டேன் என்கிறது." நம் மருத்துவக் கேள்வி பதில் பகுதிக்கு இந்தக் கேள்வி ஓயாமல் வந்துகொண்டிருக்கிறது. சிலர் இரண்டு கண்ணையும் கிட்டத்தில் படமெடுத்து அனுப்புகிறார்கள். வருஷக்கணக்காகப் பருவுக்கான க்ரீமைத் தடவிக்கொண்டிருப்பவர்கள் உண்டு. கொழுப்புக் கட்டி என்று யாரோ சொன்னதைக் கேட்டு நெய்யையும் முட்டையையும் நிறுத்தியவர்கள் உண்டு. பார்லரில் ஊசி வைத்துக் குத்திப் பார்த்து, ரத்தம் வந்ததே தவிர உள்ளேயிருந்து எதுவும் வரவில்லை என்று எழுதியவர்களும் உண்டு. கேள்வி பதிலில் நாலு வரியில் அடங்காது என்பதால் இந்த மாதம் என் பக்கத்தையே இதற்குக் கொடுத்துவிட்டேன்.

படத்தைப் பார்த்து நோய் சொல்வது என் வேலை இல்லை. ஆனால் இந்த வர்ணனைக்குப் பொருந்துகிறவற்றில் முதல் வரிசையில் நிற்பது சிரிங்கோமா. நம் உடம்பில் இருபது லட்சத்துக்கும் அதிகமான வியர்வைச் சுரப்பிகள் இருக்கின்றன. தோலுக்குள் ஆழத்தில் சுருண்டு கிடக்கும் சுரப்பியிலிருந்து ஒரு மெல்லிய நாளம் மேலே ஏறி வந்து தோலில் திறக்கிறது. அந்த நாளத்தின் செல்கள் ஓரிடத்தில் தேவைக்கு மேல் பெருகி முடிச்சாகி நின்றுவிட்டால் அதுதான் சிரிங்கோமா. ஒவ்வொன்றும் 1 முதல் 3 மில்லிமீட்டர், கடுகளவு. தோலின் நிறத்திலேயே இருக்கும், இல்லாவிட்டால் லேசான மஞ்சள் சாயலில் இருக்கும். பெரும்பாலும் இரண்டு கண்ணுக்குக் கீழேயும் ஒரே மாதிரி வரும். பெண்களுக்குத்தான் அதிகம். பருவ வயதிலோ இருபதுகளிலோ தலைகாட்டி, மெல்ல எண்ணிக்கை கூடி, பிறகு அப்படியே நின்றுவிடும். சில குடும்பங்களில் அம்மா, சித்தி, மகள் என்று வரிசையாக இருக்கும். டவுன் சிண்ட்ரோம் உள்ளவர்களிடம் இது மற்றவர்களைவிட அதிகம். அந்தப் பிள்ளைகளைப் பெற்றவர்கள் இதையும் ஒரு புது வியாதியாக எண்ணிக் கவலைப்பட வேண்டியதில்லை.

பயாப்சி எடுத்த வீடுகளில் வேறு ஒரு கலவரம் நடக்கிறது. ரிப்போர்ட்டில் 'பினைன் ட்யூமர்' என்று இருக்கும். 'பினைன்' யார் கண்ணிலும் படாது, 'ட்யூமர்' மட்டும் படும். அன்று இரவு அந்த வீட்டில் யாரும் சாப்பிட மாட்டார்கள். பினைன் என்றால் தீங்கற்றது என்று பொருள். சிரிங்கோமா பரவாது, பக்கத்து உறுப்பைத் தாக்காது, ஒருவரிடமிருந்து இன்னொருவருக்கு ஒட்டாது. அது புற்றுநோயாக மாறுமோ என்று பயந்து எடுக்கத் தேவையே இல்லை. எடுப்பதானால் பார்வைக்காகத்தான் எடுக்கிறோம். இந்த ஒன்று மனதில் பதிந்துவிட்டால் அவசரம் பாதி குறைந்துவிடும்.

அதற்கு முன்னால், இருப்பது சிரிங்கோமாதானா என்று தெரிய வேண்டும். கண்ணைச் சுற்றி வருகிற எல்லாம் ஒன்றல்ல. மிலியா வெள்ளையாக, முத்து முத்தாக இருக்கும். மருத்துவர் ஊசி நுனியால் கீறினால் உள்ளேயிருந்து ஒரு வெள்ளை மணி வந்து விழும், விஷயம் முடிந்தது. சிரிங்கோமாவைக் கீறினால் ரத்தம்தான் வரும். பார்லரில் நடப்பது இந்தக் குழப்பம்தான். இமையின் உள் ஓரத்தில் மஞ்சளாகப் பட்டையாகப் படர்வது சாந்தலாஸ்மா. அதற்கு ரத்தத்தில் கொழுப்பின் அளவைப் பார்க்க வேண்டும். நெய்யை நிறுத்தியவர்களுக்கு யாரோ சொன்னது இதைத்தான். தட்டையான மருக்கள் வைரஸால் வருபவை, சொறிந்த கோட்டிலேயே வரிசையாக முளைக்கும். நம்மவர்களின் கன்னத்தில் வயதாக ஆகக் கறுப்பாகத் தெறித்து வரும் சின்னச் சின்ன மருக்கள் இன்னொரு தனி ஜாதி. அனுபவமுள்ள தோல் மருத்துவர் டெர்மாஸ்கோப் என்ற பெருக்கிக் கண்ணாடியை வைத்துப் பார்த்தே பெரும்பாலும் சொல்லிவிடுவார். சந்தேகம் இருந்தால் ஒரே ஒரு முடிச்சிலிருந்து துணுக்கு எடுத்து அனுப்புவார். நுண்ணோக்கியில், நோய்க்கூறு மருத்துவர்கள் தலைப்பிரட்டை வடிவம் என்று குறிப்பிடும் வால் வைத்த குழாய்கள் தெரிந்தால் சிரிங்கோமா உறுதி.

நம் ஊர்க் கைவைத்தியத்தைப் பற்றி இங்கே சொல்லிவிடுகிறேன். மருவுக்குச் சுண்ணாம்பும் சோடாவும் குழைத்து வைப்பதும், அம்மான் பச்சரிசியின் பாலைத் தொட்டு வைப்பதும் எல்லோருக்கும் தெரிந்தவை. கையிலும் காலிலும் அவை என்ன செய்கின்றன என்ற விவாதத்துக்குள் நான் போகவில்லை. கண்ணோரத்தில் வைக்கவே வைக்காதீர்கள். சுண்ணாம்பு காரம். கண்ணுக்குள் போனால் கருவிழியை அரித்துக்கொண்டே உள்ளே இறங்கும், அமிலத்தைவிடக் காரம் பட்ட கண்தான் மோசமாகச் சேதமாகும். அம்மான் பச்சரிசி கள்ளி இனத்துச் செடி. அந்த இனத்தின் பால் கண்ணில் பட்டால் கடும் அழற்சி வந்து பார்வை மங்கும். ஒருவேளை பட்டுவிட்டால் ஓடும் தண்ணீரில் இருபது நிமிடமாவது விடாமல் கழுவிவிட்டு நேரே கண் மருத்துவமனைக்குப் போங்கள்.

மருந்துக் கடையில் கேட்டு வாங்குகிற 'முகத்துக்குப் போடும் க்ரீம்' இன்னொரு ஆபத்து. அவற்றில் பலவற்றில் ஸ்டீராய்டு கலந்திருக்கிறது. சீட்டு இல்லாமல் விற்கக் கூடாது என்று விதி இருந்தும் கிடைக்கிறது. சிரிங்கோமாவுக்கு அதனால் ஒரு பயனும் இல்லை. இமைத் தோலோ உடம்பிலேயே மெல்லியது. மாதக்கணக்கில் தடவினால் அது இன்னும் மெலிந்து ரத்தக் குழாய்கள் தெரிய ஆரம்பிக்கும். கண்ணுக்குள் அழுத்தம் ஏறவும் வாய்ப்பு உண்டு.

சரி, மருத்துவர் என்னென்ன செய்வார்?

முதல் வழி, ஒன்றும் செய்யாமல் இருப்பது. அதையும் சிகிச்சைப் பட்டியலில் வைத்துத்தான் நல்ல மருத்துவர்கள் பேசுகிறார்கள். நானும் அந்தக் கட்சிதான். கண்ணாடிக்கு ஒரு சாண் தூரத்தில் நின்று நாம் பார்க்கிற பார்வையில் ஊரில் யாரும் நம்மைப் பார்ப்பதில்லை. ஆனாலும் இதற்காகப் பல வருஷமாகப் புகைப்படத்துக்கு முகம் கொடுக்காமல் ஒதுங்குகிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களிடம் "இதெல்லாம் ஒரு விஷயமா?" என்று கேட்பது நியாயம் இல்லை. எடுத்துக்கொள்ள நினைப்பவர்களுக்கு வழி இருக்கிறது, அதன் எல்லையையும் தெரிந்துகொண்டு போக வேண்டும் என்பதுதான் என் பேச்சு.

அந்த எல்லை இதுதான். சிரிங்கோமா தோலின் மேல் ஒட்டிக்கொண்டிருக்கும் பொருள் இல்லை. அதன் பெரும்பகுதி தோலின் அடியடுக்கில் உட்கார்ந்திருக்கிறது. வயலில் கோரையை அறுத்தவர்களுக்குத் தெரியும், மேலே வழித்துவிட்டால் கிழங்கு உள்ளே இருந்து மறுபடி துளிர்க்கும். கிழங்கோடு தோண்டி எடுக்கலாம் என்றால் இமைத் தோலில் அவ்வளவு ஆழம் இல்லை, தழும்பு விழுந்துவிடும். அதனால் எந்தக் கருவியை எடுத்தாலும் மருத்துவரின் இலக்கு முடிச்சைத் தட்டையாக்கி, பார்வைக்குத் தெரியாமல் செய்வதுதான். அடியோடு ஒழித்துத் தருகிறேன் என்று யாராவது சொன்னால் எழுந்து வந்துவிடலாம். நம் பத்திரிகைக்கும் "ஒரே சிட்டிங்கில் நிரந்தரமாக" என்ற வரியோடு விளம்பரங்கள் வருவதுண்டு. அந்த வரியை எடுக்கச் சொல்வோம். சிலர் வரியை எடுத்தார்கள். சிலர் விளம்பரத்தையே எடுத்துக்கொண்டார்கள்.

கருவிகளில் அதிகம் பேசப்படுவது கார்பன் டை ஆக்சைடு லேசர். அதன் ஒளி செல்லில் உள்ள தண்ணீரைச் சூடாக்கி, அந்த இடத்தை நொடியில் ஆவியாக்கிவிடும். அறைக்குள் நடப்பதைச் சொல்கிறேன், போகிறவர்களுக்குப் பயம் குறையும். முகத்தைக் கழுவித் துடைத்துப் படுக்க வைப்பார்கள். இமையிலேயே வேலை என்றால் கண்ணுக்குள் மரப்பு மருந்துச் சொட்டு விட்டு, கருவிழியை மூடும்படி ஓர் உலோகக் கவசத்தை இமைக்கு அடியில் செருகுவார்கள். கொஞ்சம் உறுத்தும், வலிக்காது. மரப்பு ஊசி ஒன்றிரண்டு குத்தல். மற்ற இடங்களில் தடவும் மரப்பு க்ரீம் போதும். கண்ணோரத்தில் அதை அசட்டையாகப் பூசக் கூடாது, அதுவும் காரத்தன்மை உள்ளதுதான். பிறகு டப் டப் என்று சத்தம், முடி பொசுங்கிய வாடை, பக்கத்தில் புகையை இழுக்கும் குழாய். ஒரு சுற்று சுட்டதும் மருத்துவர் ஈரப் பஞ்சால் கருகலைத் துடைத்துப் பார்ப்பார், மறுபடி மெல்ல ஒரு சுற்று. முடிச்சு சுற்றியிருக்கும் தோலின் மட்டத்துக்கு வந்ததும் நிறுத்திவிட வேண்டும். எங்கே நிறுத்துவது என்று தெரிவதுதான் இந்த வேலையின் கைத்திறன். இயந்திரம் எந்த நாட்டிலிருந்து வந்தது என்பதெல்லாம் பிறகுதான். ஒரு வாரம் பத்து நாளில் பொருக்கு தானாக உதிரும். உள்ளே இருக்கிற புதுத் தோலின் சிவப்பு அடங்க வாரங்கள் ஆகும், சிலருக்கு மாதங்கள்.

எர்பியம் யாக் என்ற இன்னொரு லேசர் சுற்றிலும் சூடு குறைவாகப் பரப்பும். அதற்கேற்ப ரத்தக் கசிவைக் கட்டுப்படுத்தும் சக்தியும் குறைவு. கொரியாவில் லேசரோடு போட்டாக்ஸ் ஊசியையும் சேர்த்துப் பார்த்திருக்கிறார்கள். அங்கே இது பெண்கள் அதிகம் தேடிவரும் சிகிச்சைகளில் ஒன்று என்பதால் ஆராய்ச்சிக் கட்டுரைகளும் அங்கிருந்துதான் நிறைய வருகின்றன.

லேசர் இல்லாத ஊரில் காட்டரி இருக்கும், ரேடியோ ஃப்ரீக்வென்சி இருக்கும். மின்சாரத்தால் சுடுகிற முறை. இதை மட்டமாக நினைக்க வேண்டாம். மேல்தோலைச் சுடாமல், முனை தவிர மற்ற இடமெல்லாம் உறை போட்ட நுண்ணிய ஊசியை முடிச்சுக்குள் இறக்கி அங்கே மட்டும் சூடு கொடுக்கும் முறையும் உண்டு. நல்ல கையில் இருக்கும் சாதாரணக் காட்டரி, பழகாத கையில் இருக்கும் விலையுயர்ந்த லேசரைவிட மேல். ட்ரைகுளோரோ அசிட்டிக் அமிலத்தைக் குச்சி நுனியால் தொட்டு வைப்பது பழைய முறை, மலிவானது. ஒரு துளி வழிந்தால் அந்த வழியெல்லாம் தழும்பு. திரவ நைட்ரஜனால் உறைய வைப்பது நம் நிறத்தவர்களுக்கு உகந்ததில்லை, நிறத்தை உண்டாக்கும் செல்கள் குளிரில் முதலில் சாகும், வெள்ளைத் திட்டு விழும். பெரிதாக ஒன்றிரண்டு மட்டும் இருந்தால் நுண்ணிய கத்தரியால் நறுக்கி எடுப்பதும் உண்டு.

மாத்திரை, களிம்பு? ட்ரெட்டினாயின், அடாபலின் போன்ற களிம்புகள் மாதக்கணக்கில் தடவிய பிறகு சிலருக்குக் கொஞ்சம் தட்டையாக்குகின்றன. பலருக்கு எரிச்சலோடு சரி. ஐசோட்ரெட்டினாயின் மாத்திரையின் பலனும் அப்படித்தான். அது கருவில் இருக்கும் குழந்தைக்குக் கடும் ஊனத்தை உண்டாக்கும் மருந்து. கர்ப்பத்துக்கு வாய்ப்புள்ள எந்தப் பெண்ணும், கல்யாணமானவரோ ஆகாதவரோ, கடையில் கேட்டு வாங்கிப் போடுகிற சரக்கு இல்லை.

இனி நம் தோலுக்கே உரிய சங்கதி. மாநிறத் தோலும் கறுத்த தோலும் காயம் பட்ட இடத்தில் நிறத்தைக் கொட்டிவிடும். கொசுக்கடிக்கே நமக்குக் கறுப்புப் புள்ளி நிற்பது இதனால்தான். ஆகவே தோல் நிறத்தில் யாருக்கும் தெரியாமல் இருந்த இருபது முடிச்சு போய், எல்லோருக்கும் தெரிகிற இருபது கரும்புள்ளி வருவதற்கு வாய்ப்பு உண்டு. பெரும்பாலும் சில மாதங்களில் மங்கும். ஆழமாகச் சுட்டிருந்தால் நிறமே போய் வெள்ளைப் புள்ளியாகும், அது மங்குவது கடினம். இதனால்தான் விவரமான மருத்துவர் முதல் நாளே இரண்டு கண்ணையும் எடுக்க மாட்டார். ஓரமாக இரண்டு மூன்று முடிச்சில் மட்டும் சோதனை செய்து, ஆறு முதல் எட்டு வாரம் கழித்து அந்த இடம் எப்படி ஆறியிருக்கிறது என்று பார்த்துவிட்டுத்தான் மிச்சத்தைத் தொடுவார். "இன்றைக்கே எல்லாவற்றையும் முடித்துவிடுங்கள் டாக்டர், மறுபடி லீவு கிடைக்காது" என்று கெஞ்சுவது நாம்தான். காது குத்திய இடத்திலோ தடுப்பூசி போட்ட இடத்திலோ தழும்பு தடித்து வளர்ந்தவர்கள் அதை முதலிலேயே சொல்லிவிடுங்கள். சிகிச்சைக்குப் பிறகு வெயில்தான் எதிரி. டூவீலரில் ஆபீஸ் போகிறவர்கள் அக்னி நட்சத்திரத்தில் இதைச் செய்துகொள்ளாமல் மழைக்காலம் வரை பொறுக்கலாம். பொருக்கைப் பிய்க்காமல் இருப்பதும், ஆறிய பிறகு சன்ஸ்கிரீனை விடாமல் போடுவதும் பாதி சிகிச்சை. கண்ணோரத்துக்கு ஜிங்க் ஆக்சைடு வகை எரிச்சல் தராது.

கண்ணைத் தாண்டியும் இது வரும். இளவயதில் கழுத்து, மார்பு, அக்குள், வயிறு என்று திடீரென்று கூட்டமாக முளைக்கும் ஒரு வகை உண்டு. பாரிஸில் ஜாக்கே, டாரியே என்ற இரு மருத்துவர்கள் 1887-லேயே இதை விவரித்துவிட்டார்கள். நூற்றுக்கணக்கில் இருப்பதை ஒவ்வொன்றாகச் சுடுவது உடம்பைப் புண்ணாக்குகிற வேலை, விட்டுவிடுவதே நல்லது. வெயில் காலத்தில் வியர்க்கும்போது அரித்தால் அரிப்புக்கு மட்டும் மருந்து கேளுங்கள். பெண்களின் பிறப்புறுப்புத் தோலிலும் சிரிங்கோமா வரும். வெக்கையிலும் மாதவிலக்கின்போதும் அரிப்பு கூடும். அதைச் சொல்லக் கூச்சப்பட்டு, படை மருந்தை வாங்கி வருஷக்கணக்கில் தடவிக்கொண்டிருப்பவர்கள் பலர். தயவுசெய்து ஒருமுறை பெண் மருத்துவரிடமாவது காட்டுங்கள். பயாப்சியில் தெரிந்துவிடும், அரிப்பு தாங்காவிட்டால் லேசரால் எடுக்கலாம்.

வியர்வைச் சுரப்பிக் கட்டிகளில் எனக்கு மிகவும் சுவாரசியமாகப் பட்டது ஹைட்ரோசிஸ்டோமா. நாளம் விரிந்து நீர் கோத்த கொப்புளம், கண்ணைச் சுற்றித்தான் வரும், வெளிச்சத்தில் பார்த்தால் கண்ணாடியாக, சில சமயம் லேசான நீலமாகத் தெரியும். நியூயார்க் மருத்துவர் ராபின்சன் 1893-ல் இதை எழுதியபோது அவர் பார்த்தவர்கள் சூட்டிலும் ஆவியிலும் துவைத்தும் சமைத்தும் பிழைத்த நடுவயதுப் பெண்கள். சித்திரையில் பெருத்து மார்கழியில் சுருங்கும், இட்லிக் கொப்பரைக்கு முன்னால் நின்றால் உப்பும். குத்திவிட்டால் நீர் வடிந்து தட்டையாகும், பிறகு நிறைந்துகொள்ளும். ஒன்றிரண்டு என்றால் உறையோடு எடுத்துவிடலாம், காட்டரியும் லேசரும் உண்டு. கூட்டமாக இருப்பவர்களுக்கு வியர்வையை நிறுத்தும் போட்டாக்ஸ் சில மாதங்களுக்குப் பலன் தரும். அட்ரோபின் கலந்த களிம்பும் கொடுக்கிறார்கள், அது கண்ணில் பட்டால் பாப்பா விரிந்து பார்வை மங்கும். எக்ஸாஸ்ட் ஃபேன் போடுவதும் அடுப்பு வேலையை வீட்டில் பங்கிட்டுக்கொள்வதும் இந்த நோய்க்கு மருந்துச் சீட்டில் எழுதத்தக்க மருந்துகள்.

உள்ளங்காலில் சிவந்த சதை முளையாக வரும் போரோமா, தொட்டாலே சுளீர் என்று வலிக்கும் ஸ்பைரடினோமா, தலையில் உருண்டை உருண்டையாக வளரும் சிலிண்ட்ரோமா ஆகியவையும் இந்த வம்சம்தான். இவற்றுக்கு லேசர் ஒப்பனை போதாது. அறுத்து எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்ப வேண்டும், அபூர்வமாக இவை புற்றாக மாறுவதுண்டு. சிரிங்கோமாவைப் போல வேஷம் போட்டு வரும் ஒரு புற்றும் இருக்கிறது, 1982-ல்தான் அதைத் தனியாக அடையாளம் கண்டார்கள். கூட்டமாக, இரண்டு பக்கமும் ஒரே மாதிரி வராமல், உதட்டுக்கு மேலேயோ கன்னத்திலேயோ ஒற்றையாக வந்து, மெதுவாகப் பெருத்துக்கொண்டே போய், அந்த இடம் மரத்துப்போயிருந்தால் தாமதிக்காதீர்கள். பயாப்சி கொஞ்சம் ஆழமாகவே எடுக்கப்பட வேண்டும், மேலோட்டமாகச் சீவினால் சிரிங்கோமா என்று தவறாக ரிப்போர்ட் வர இடம் இருக்கிறது.

யாரிடம் போவது என்று கேட்பீர்கள். பெயர்ப் பலகையில் எம்.டி. (டி.வி.எல்.) அல்லது டி.டி.வி.எல். என்று தோல் மருத்துவப் படிப்பு இருக்கிறதா என்று பாருங்கள். 'காஸ்மெட்டிக்', 'ஈஸ்தெட்டிக்' என்ற சொற்கள் படிப்பைக் குறிப்பவை அல்ல. அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில் தோல் பிரிவு ஓ.பி. உண்டு, பரிசோதனைக்கும் காட்டரிக்கும் அங்கேயே போகலாம். தனியாரில் செய்தால் இது அழகு சிகிச்சைக் கணக்கில் வருவதால் காப்பீட்டுப் பணத்தை நம்பிப் போகாதீர்கள். போகிற அன்று பவுடர், கண் மை எதுவும் வேண்டாம், இதுவரை தடவிய க்ரீம் டியூப்களை எல்லாம் ஒரு பையில் போட்டு எடுத்துக்கொண்டு போங்கள். எத்தனை தடவை வர வேண்டியிருக்கும், திரும்ப வந்தால் என்ன செய்வீர்கள், என் நிறத்தில் இருப்பவர்களுக்குச் செய்த முன்-பின் படம் இருக்கிறதா, முதலில் சோதனைக்கு இரண்டு முடிச்சு மட்டும் எடுப்பீர்களா என்று கேளுங்கள். கேள்விக்குச் சிடுசிடுக்கும் மருத்துவரிடம் கண்ணை ஒப்படைக்க வேண்டாம்.

முக்கியமாக ஒன்று. கல்யாணத்துக்கோ நிச்சயதார்த்தத்துக்கோ இரண்டு மாதம்தான் இருக்கிறது என்றால் இப்போது கை வைக்காதீர்கள். சிவப்பு ஆறி, கறுப்பு மங்கக் குறைந்தது ஆறு மாதம் ஒதுக்க வேண்டும். நாள் போதவில்லையென்றால் அந்த முகத்தோடேயே மணமேடைக்குப் போங்கள், வேண்டுமானால் அடுத்த ஆடியில் டாக்டரைப் பார்த்துக்கொள்ளலாம்.

அன்புடன்,
ஆசிரியர்